அடுத்த வளவில் அப்பா கட்டிய வீடு

அப்பாவின் முப்பத்தோராம் நாள் கிரியைக்கு வந்து, ஒரு பிடி சாப்பிட்டு, இந்தச் சிறு நினைவுப் புத்தகத்தோடு வீடு திரும்பும் உறவினர்களுக்கும் நண்பர்களுக்கும் முதலில் ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். வழமையாக எழுதப்படுவது இதில் இராது. மொன்றியலுக்குப் பக்கத்தில் புரோசார்ட்டில் இருக்கும் என் தம்பி மூன்று பக்கம் எழுதித் தந்தான். பிறந்த மண்ணைக் கண்குளிரத் தரிசித்து மனநிறைவோடு இறைபதம் எய்தினார் என்று முடித்திருந்தான். எனக்கு வந்த கோபம் கொஞ்சநஞ்சமல்ல. எட்டு மாதம் என் வீட்டுப் பேஸ்மன்டில் சுவரைப் பார்த்துக்கொண்டு கிடந்த மனிதர் மனநிறைவோடா போனார்? தாள்களை அவனிடமே திருப்பிக் கொடுத்துவிட்டு நானே எழுத உட்கார்ந்தேன். எனக்கு வாய் கொஞ்சம் நீளம் என்பது உங்களுக்குத் தெரிந்ததுதான். இன்றைக்கு அந்த வாய் என்னைப் பற்றியும் பேசப்போகிறது.

எங்கள் அப்பா வலிகாமம் வடக்கில், வசாவிளானுக்குக் கிட்டிய ஒரு குறிச்சியில், செம்மண் தோட்டக்காரர் வீட்டில் ஐந்தாவது பிள்ளையாகப் பிறந்தவர். முன்னால் பிறந்த நால்வரும் பெண்கள். அந்த நாலு அக்காமாருக்கும் சீதனம் எழுதிக் கொடுத்தபின் அப்பாவுக்கென்று மிஞ்சியது ஆறு பரப்புக் காணியும் அதிலிருந்த பழைய கல்வீடும்தான். அதனாலோ என்னவோ அந்த ஆறு பரப்பில் அவருக்கு உயிர். வெங்காயம் வைத்தார், புகையிலை வைத்தார், அம்மாவைக் கைப்பிடித்து அந்த வீட்டுக்கே கூட்டிவந்தார். நானும் தம்பியும் அங்கேதான் பிறந்தோம்.

இங்கே பிறந்த பிள்ளைகளுக்காக ஒரு விஷயத்தை விளக்கவேண்டும். எங்கள் ஊரில் கிணறு எல்லோருக்கும் தனித்தனியாக இராது. இரண்டு வளவுக்கு நடுவில், எல்லையிலேயே ஒரு கிணறு இருக்கும். இரண்டு வீட்டுக்காரரும் அள்ளுவார்கள். வேலி அந்தப் பக்கம் வந்து கிணற்றடியில் நின்று, இந்தப் பக்கம் மறுபடி தொடங்கும். காணி உறுதிப் பத்திரத்திலேயே கிணற்றில் பங்கு உண்டு என்று எழுதியிருப்பார்கள். பங்குக் கிணறு என்று அதற்குப் பெயர். எங்கள் வளவின் மேற்கு எல்லையில் அப்படி ஒரு கிணறு இருந்தது. கிணற்றுக்கு அந்தப் பக்கம் தவமணி அக்கா குடும்பத்தின் வளவு. அவர்களுக்கு அந்த வளவின் மேற்குக் கோடியில், தோட்டத்துக்கு இறைக்கவென்று இன்னொரு கிணறும் இருந்தது. நடந்த எல்லாவற்றுக்கும் இந்த இரண்டு கிணறுகளும்தான் காரணம்.

எண்பதுகளில் நாட்டு நிலைமை கெட்டு, இளம் ஆண்கள் வீட்டில் இருக்கமுடியாது என்ற நிலை வந்தபோது அப்பா புறப்பட்டார். கனடாவின் மிராபல் விமான நிலையத்தில் கையில் ஒரு பையோடு இறங்கி அகதி என்று சொன்னார். கோட்-டெ-நேஜில் ஓர் அறையில் ஆறு பேரோடு படுத்தார். உணவகத்தில் கோப்பை கழுவினார். பிறகு ஷபனெல் தெருத் தையல் தொழிற்சாலை ஒன்றில் துணி வெட்டும் மேசைக்குப் போய், அது மூடப்படும்வரை அங்கேயே இருந்தார். அவர் வந்து சில வருடத்தில் எங்கள் ஊர் முழுவதும் ஒரே நாளில் எழும்பி ஓடியது. அந்த நிலம் படை முகாமுக்குள் போய்விட்டது. அம்மா எங்களை இழுத்துக்கொண்டு ஓடும்போது, சோறு கொண்டுவரவில்லை, உடுப்புக் கொண்டுவரவில்லை. காணி உறுதியைச் சேலைக்குள் சுருட்டி இடுப்பில் கட்டிக்கொண்டு வந்தார். ஸ்பொன்சரில் நாங்கள் மொன்றியலுக்கு வந்தபோது எனக்கு ஒன்பது வயது. உறுதியும் எங்களோடு வந்தது. இங்கே அது வங்கிப் பெட்டகத்தில் பத்திரமாக இருந்தது. அம்மா போனபின் டொலார்ட்-டெஸ்-ஓர்மோவில் இருக்கும் என் வீட்டு அலுமாரிக்கு வந்தது.

அப்பாவின் குணத்தைப் பற்றிப் பலர் பல சொல்வீர்கள். நான் ஒன்றுதான் சொல்வேன். பிறத்தியாரின் பொருளில் ஒரு தூசியும் அவருக்கு ஆகாது. எங்கள் பின்வளவு வேலிக்கு மேலால் பக்கத்து வீட்டுப் பிரெஞ்சுக்காரரின் அப்பிள் மரம் சாய்ந்து நிற்கிறது. ஒவ்வோர் இலையுதிர் காலத்திலும் எங்கள் புல்லில் விழும் அப்பிள்களைப் பொறுக்கி, பையில் போட்டு, அந்த வீட்டு வாசலில் வைத்து, மணியை அடித்து, "போன்ஜூர்" சொல்லிவிட்டு வருவார். அழுகியதையும் சேர்த்து! அந்த மனிதர் சிரித்துக்கொண்டே, வேண்டாம், நீங்களே வைத்துக்கொள்ளுங்கள் என்று பலமுறை சொல்லிப் பார்த்தார். அப்பா கேட்டால்தானே. மரம் அவருடையது, பழமும் அவருடையது என்று பிடித்த பிடியில் நின்றார்.

தையல் தொழிற்சாலையில் அப்பாவோடு ஒரே மேசையில் நின்றவர் ஹசன். துருக்கிப் பக்கத்துக் குர்திஷ்காரர். இவருக்குத் தமிழ், அவருக்குக் குர்திஷ். நடுவில் இருவருக்கும் ஐம்பது பிரெஞ்சுச் சொற்கள். அதை வைத்துக்கொண்டு இருபது வருடம் கதைத்தார்கள். இரண்டு பேரின் ஊரும் படைக்காரர் வந்து இல்லாமல் போன ஊர் என்பதால் விளக்கம் அதிகம் தேவைப்படவில்லை. அம்மா இறந்த அடுத்த வருடம் ஹசன் தன் ஊருக்குத் திரும்பிப் போனார். முப்பது வருடத்துக்குப் பிறகு. எல்லோரிடமும் விடைபெற்று, வீட்டுச் சாமான்களையெல்லாம் கொடுத்துவிட்டு, இனி வரமாட்டேன் என்று போனவர் மூன்றாம் மாதமே திரும்பி வந்துவிட்டார். எரிந்த ஊரில் அவருடைய வீட்டுக்கு வழி காட்டவும் ஆள் இல்லையாம். மலை ஒன்றுதான் அடையாளம் தெரிந்ததாம். அப்பா அவரைப் போய்ப் பார்த்துவிட்டு வந்து என்னிடம் சொன்னது எனக்கு இன்னும் காதில் நிற்கிறது.

"அந்தாள் பாவம், ஊர் மறந்துபோச்சு. எனக்கு அப்பிடியில்லை. கண்ணைக் கட்டி விட்டாலும் நான் என்ர காணிக்குப் போவன்."

அந்த நாட்களில்தான் எங்கள் குறிச்சியில் ஒரு துண்டு நிலம் விடப்பட்டது என்று செய்தி வந்தது. படை முகாமின் முட்கம்பி வேலி கொஞ்சம் பின்னுக்குப் போயிருக்கிறதாம். அவ்வளவுதான், அப்பா ஒற்றைக்காலில் நின்றார். எழுபத்து மூன்று வயது, சீனி வருத்தம், பிரஷர். நான் கத்தினேன், தம்பி கெஞ்சினான். ஹசன் வீடு தேடி வந்து, "ந வா பா, மொன் ஃப்ரேர்" என்று கையைப் பிடித்துக்கொண்டு சொன்னார். போகாதே, தம்பி என்று அர்த்தம். அப்பா அவருக்கும் தேத்தண்ணி கொடுத்து அனுப்பிவிட்டு ரிக்கற் எடுத்தார். உறுதியைக் கொண்டுபோங்கள் என்று நான் அலுமாரியைத் திறந்தேன். வேண்டாம், அங்கே கொண்டுபோனால் துலைந்துவிடும், இங்கேயே பத்திரமாக இருக்கட்டும் என்றார். என்ர காணியை எனக்குத் தெரியாதோ என்றும் ஒரு கேள்வி. அந்தத் தாள் எத்தனை ஓட்டம் ஓடி வந்தது! அதனால் அதற்கு ஆபத்து ஊரில்தான் என்று அவர் நினைத்தார். நாங்களும் அதைச் சரியென்றே எடுத்துக்கொண்டோம்.

அங்கே போய் அவர் கண்டது வெறும் பற்றைக்காடு. வீடு இல்லை, வேலி இல்லை, ஒழுங்கை இருந்த இடமும் மட்டுமட்டாகத்தான் தெரிந்தது. எல்லாவற்றையும் இயந்திரம் விட்டு இடித்துச் சமப்படுத்தியிருந்தார்கள். பற்றைக்குள் கல்லும் மண்ணும் போட்டு மூடிய ஒரு கிணறு கிடந்தது. அப்பா அதைக் கண்டுபிடித்தார். பங்குக் கிணறு கிடைத்துவிட்டது என்று எனக்கு அன்றே ஃபோன் எடுத்தார். அந்தக் கிணற்றிலிருந்து கிழக்கே காலடி வைத்து அளந்துகொண்டு போனால் முட்கம்பி வருகிறது, எங்கள் காணியின் நீளமும் அதேதான், கம்பியைச் சரியாக எங்கள் கிழக்கு எல்லையில் கொண்டுவந்து நிறுத்தியிருக்கிறான்கள், முருகனின் செயலைப் பார் என்று சொன்னார். தலைகால் தெரியாத சந்தோசம். நான் வேலைக்குக் காரில் போய்க்கொண்டிருந்தேன். வழியில் நிறுத்தி அழுதேன். சந்தோசத்தில்தான்.

பற்றை வெட்டினார். தகரக் கொட்டில் போட்டார். கூலிக்கு இரண்டு பேரைப் பிடித்துக் கிணற்றை இறைப்பித்தார். இரண்டு கிழமை கல்லும் சேறும் அள்ளியபிறகு தண்ணீர் வந்தது. அன்றைக்கு அயலில் ஆளில்லாத காரணத்தால் கூலிக்காரருக்கே சர்க்கரைத் தண்ணீர் கொடுத்துக் கொண்டாடினாராம்.

தண்ணீர் வந்த அதே நாள்தான் தவமணி அக்கா வந்தார். எங்கள் அடுத்த வளவுக்காரரின் மகள். அப்பா கனடாவுக்கு வரும்போது பள்ளிக்கூடச் சட்டை போட்ட பிள்ளை. ஓடியபின் சுன்னாகம் பக்கத்து அகதி முகாமில் தகரக் குடிசையில் முப்பது வருடம். தாயும் தகப்பனும் அங்கேயே செத்தார்கள். கலியாணமும் நடக்கவில்லை. வெங்காயத் தோட்டங்களில் கூலிக்குப் போய்ச் சீவியம். நிலம் விட்ட செய்தி கேட்டுத் தன் காணியைப் பார்க்க வந்தவரை அப்பா ஆசையோடு கூப்பிட்டு, கிணற்றுத் தண்ணீர் குடிக்கக் கொடுத்து, கிணற்றுக்கு மேற்கே இருந்த பற்றையைக் காட்டி, அதுதான் உன்ர காணி பிள்ளை, வா, சேர்ந்து துப்புரவாக்குவம், பங்குக் கிணறும் இருக்கு, உனக்கும் எனக்கும் போதும் என்றாராம். தவமணி அக்கா, பாப்பம் மாமா என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார்.

பிறகும் இடைக்கிடை வருவாராம். அப்பாவுக்குச் சோறு கட்டிக்கொண்டு வருவார். கதைப்பார். தன் காணிப்பக்கம் மட்டும் கத்தி எடுத்துப் போகமாட்டார். அப்பாவுக்கு அது பிடிக்கவில்லை. எனக்கு ஃபோனில் குறைசொன்னார்.

"விட்ட காணியைத் துப்புரவாக்க மனமில்லை. முகாமிலை நிவாரணம் வாங்கி வாங்கிச் சோம்பிப் போச்சுதுகள்."

நானும் ஓம் என்றேன். இங்கே பனியில் காலை ஐந்து மணிக்கு எழும்பி ஓடுகிற எங்களுக்கு அங்கே இருக்கிறவர்களைச் சோம்பேறி என்று சொல்ல எவ்வளவு நேரம் எடுக்கும்? நீங்களும் சொல்லியிருப்பீர்கள். உண்மை என்னவென்றால், அப்பா இறைப்பித்தது பங்குக் கிணறு அல்ல. தவமணி அக்கா வீட்டின் தோட்டக் கிணறு. அவர் கொட்டில் போட்டிருந்தது தவமணி அக்காவின் காணியில். அவர் மேற்கே காட்டியது யாரோ வெளிநாட்டுக்குப் போனவரின் பற்றை. எங்கள் ஆறு பரப்பு முட்கம்பிக்கு அந்தப் பக்கம், பங்குக் கிணற்றோடு சேர்ந்து, படை முகாமுக்குள்ளேயே இருந்தது. இது எங்களில் ஒருவருக்கும் அப்போது தெரியாது. தவமணி அக்காவுக்கு மட்டும் தெரியும்.

இனி என்னுடைய பங்கு. இதைக் கணவருக்கும் தம்பிக்கும் சொல்லியது நேற்றுத்தான். மற்றவர்கள் இப்போது வாசித்து அறிகிறீர்கள்.

கொட்டில் போட்டு ஐந்தாறு மாதத்தில் அப்பாவுக்கு மின்சாரம் தேவைப்பட்டது. வெக்கையில் இருக்கமுடியவில்லை, ஊசி மருந்து வைக்கக் குளிர்ப்பெட்டி வேண்டும். இணைப்புக்கு விண்ணப்பித்தால், உறுதியின் மூலப்பிரதியும் காணி அளந்த படமும் வேண்டும் என்றார்கள். அளப்பதற்கும் உறுதி வேண்டும். அப்பா என்னை அனுப்பச் சொன்னார். நான் அனுப்பவில்லை. மறந்துபோய் அல்ல. வேண்டுமென்றேதான். லைற் இல்லாவிட்டால், ஃபான் இல்லாவிட்டால், அடுத்த வெயிலுக்கு மனிதர் அலுத்துப்போய் மொன்றியலுக்குத் திரும்பிவிடுவார் என்று கணக்குப் போட்டேன். அம்மாவும் போய்விட்டார், அப்பாவும் அங்கே தனியே கிடந்து போய்விடக்கூடாது என்று பயந்தேன். இது பாசம் என்று நான் நினைத்தேன். இன்றைக்கும் அதற்கு வேறு பெயர் வைக்க எனக்குத் தெரியவில்லை.

பதிவுத் தபாலில் போட்டுவிட்டேன் என்று சொன்னேன். உறுதி என் அலுமாரியில், குளிர்கால உடுப்புகளுக்குக் கீழே இருந்தது. அப்பா கிழமைக்கொரு தடவை பஸ் ஏறித் தபால் கந்தோருக்குப் போனார். வந்து எனக்கு ஃபோன் எடுப்பார். இன்னும் வரேல்லைப் பிள்ளை என்பார். விசாரிக்கிறேன் என்பேன். இப்படி ஏழு மாதம். அந்த ஏழு மாதத்தில் அவர் அலுத்துப்போய்த் திரும்புவதற்குப் பதிலாக, உறுதி வருகிறபோது வரட்டும் என்று மேசனைப் பிடித்து வீட்டைக் கட்டத் தொடங்கிவிட்டார். இரண்டு அறை, ஒரு விறாந்தை, குசினி. தானே கல் சுமந்தார். கூரைக்கு ஓடு போட்டாயிற்று, கரண்ட் மட்டும்தான் பாக்கி என்று சொன்ன நாளில், இவர் இனி வரமாட்டார் என்று எனக்கு விளங்கிவிட்டது. தபால் திரும்பி வந்துவிட்டது என்று இன்னொரு பொய் சொல்லி, ஊர்க் கோயில் திருவிழாவுக்குப் போன ஒருவரிடம் உறுதியைக் கொடுத்து அனுப்பினேன்.

சேவையர் அளக்க வரும்போது பக்கத்துக் காணிக்காரரையும் எல்லை காட்டக் கூப்பிடுவது ஊர் வழக்கம். அப்பா தவமணி அக்காவுக்குத் தானே ஆள் விட்டுச் சொல்லி அழைத்தார். அன்று நடந்ததை எனக்குச் சொன்னது தவமணி அக்காதான். அப்பா கடைசிவரை சொல்லவில்லை.

சேவையர் ஒழுங்கை முகப்பிலிருந்து சங்கிலி போட்டு அளந்துகொண்டு வந்தாராம். பழைய படத்தையும் உறுதியையும் விரித்து வைத்துப் பார்த்தாராம். திரும்ப ஒருமுறை அளந்தாராம். பிறகு, ஐயா, இது உங்கட காணி இல்லை, உங்கடது கம்பிக்கு அங்காலை என்றார். அப்பா சிரித்தாராம். கிணற்றைக் காட்டினாராம். சேவையர் படத்தில் இரண்டு கிணறு இருக்கிறது என்று விரலை வைத்துக் காட்டினார். அப்பா தவமணி அக்காவின் பக்கம் திரும்பி, நீ சொல்லு பிள்ளை, இது ஆருடைய கிணறு என்று கேட்டார். தவமணி அக்கா அழுதுகொண்டே சொன்னார்.

"எங்கட தோட்டக் கிணறு, மாமா."

எப்போது தெரியும் என்று அப்பா கேட்டார். முதல் நாளே தெரியும் என்றார். ஏன் சொல்லவில்லை என்று கேட்டதற்கு அவர் சொன்ன பதிலை எனக்கு ஃபோனில் திருப்பிச் சொல்லும்போது அவருடைய குரல் சாதாரணமாகவே இருந்தது.

"நீங்கள் தண்ணியைக் கையிலை ஏந்திக் குடிச்சுக்கொண்டு நிண்டியள். எப்பிடிச் சொல்லுறது மாமா? எனக்கு முகாம் பழகிப்போச்சு."

அப்பா இடுப்பிலிருந்து வீட்டுப் பூட்டின் திறப்பை எடுத்துக் கிணற்றுக் கட்டில் வைத்தார். உள்ளே போய்ப் பையையும் மருந்துப் பெட்டியையும் எடுத்துக்கொண்டு வந்தார். தவமணி அக்கா காலைப் பிடிக்காத குறையாக, மாமா, இருங்கோ, நான் எங்கை கேட்டனான், நீங்கள் கட்டின வீடு, நீங்கள் இருங்கோ என்று மன்றாடினார். அவர் காதில் விழுத்தவில்லை. நேரே முட்கம்பிக்குப் போய் நின்றார். அங்கிருந்து பார்த்தால் எங்கள் பங்குக் கிணறு தெரியும். கட்டுக்கு வெள்ளை அடித்து, மோட்டர் பூட்டி, நன்றாகத்தான் வைத்திருக்கிறார்களாம். எங்கள் வீடு இருந்த இடத்தில் வாழை நட்டிருக்கிறார்களாம், குலையோடு நிற்கிறதாம். ஒரு வருடத்துக்கு மேலாக அந்தக் கம்பிக்குப் பக்கத்தில் நின்று பற்றை வெட்டியிருக்கிறார். அந்த வாழைகளை ஒவ்வொரு நாளும் கண்டிருக்கிறார். அது தன்னுடையது என்று தெரியாமல் கண்டிருக்கிறார். மத்தியான வெயிலில் நெடுநேரம் அப்படியே நின்றுவிட்டு றோட்டுக்கு நடந்தார். உறவினர் ஒருவர் வீட்டில் மூன்று கிழமை இருந்து, ரிக்கற் கிடைத்ததும் வந்துவிட்டார்.

விமான நிலையத்தில் அவரை எனக்கு அடையாளம் தெரியவில்லை. பாதி ஆளாய் இருந்தார். காரில் ஏறியதும், ஒண்டும் கேட்காதை பிள்ளை என்றார். நான் கேட்கவில்லை.

அதற்குப் பிறகு எட்டு மாதம். கோயிலுக்கு வரச் சொன்னால் வரமாட்டார். பேரப்பிள்ளைகள் பிரெஞ்சில் ஏதாவது கேட்டால் தலையை ஆட்டுவார். காணி போனதற்கு அவர் துக்கப்படவில்லை என்று சொல்லமாட்டேன். ஆனால் அவரைத் தின்றது அதுவல்ல. முகாமில் முப்பது வருடம் கிடந்து வந்த பிள்ளையின் நிலத்தில் தான் ஏறி உட்கார்ந்துவிட்டேன், அவளையே சோம்பேறி என்றும் சொல்லிவிட்டேன் என்பதுதான். சனிக்கிழமைகளில் ஹசன் வருவார். இருவரும் பேஸ்மன்டில் எதிரெதிரே இருப்பார்கள். ஐம்பது பிரெஞ்சுச் சொற்களில் ஒன்றும் வெளியே வராது. தேத்தண்ணி ஆறிப்போகும்.

தவமணி அக்கா ஃபோன் எடுத்தால், நித்திரை என்று சொல் என்று கையால் காட்டுவார். மாமாவுக்குச் சொல்லுங்கோ, நான் ஒண்டும் நினைக்கேல்லை எண்டு, என்று அவர் சொன்னதை நான் போய்ச் சொன்னேன். அப்பா ஏற்கவில்லை. காணி விஷயம் வாய்ப்பேச்சில் முடியாது, எழுத்தில் வரவேண்டும் என்றார். எல்லாவற்றையும் உறுதியில் பார்த்து வளர்ந்த மனிதருக்கு மன்னிப்பும் எழுத்தில்தான் வேண்டியிருந்தது.

சிறுநீரகம் பழுதானபோது, இரத்தம் சுத்தம் செய்கிற சிகிச்சைக்கு அவர் சம்மதிக்கவில்லை. வைத்தியர் பிரெஞ்சில் சொன்னதை நான் தமிழில் சொன்னேன். போதும் என்று ஒரு சொல்லில் முடித்தார். ஆஸ்பத்திரியில் படுத்த முதல் நாள் என்னைக் கிட்டக் கூப்பிட்டார்.

"அந்தப் பிள்ளைக்கு ஒரு கடிதம் எழுது. நான் தெரியாமல் செய்தனான், மன்னிக்கச் சொல்லு. தபால் மட்டும் நேரத்துக்கு வந்திருந்தா அந்தக் காணியிலை ஒரு கல்லும் வைச்சிருக்கமாட்டன் எண்டும் எழுது."

எழுதுகிறேன் அப்பா என்றேன். எழுத உட்கார்ந்தேன். அந்தத் தபால் வரியில் வந்து பேனை நின்றது. அதை எழுதினால் தவமணி அக்காவுக்கும் பொய் சொன்னதாக முடியும். எழுதாவிட்டால் அப்பாவின் கடிதம் அல்ல. உண்மையை எழுதினால், அக்கா அப்பாவுக்குப் பதில் எழுதும்போது அது அப்பாவின் கண்ணில் படும். உறுதி ஏன் தபாலில் வந்து சேரவில்லை என்று தவமணி அக்கா ஒருமுறை ஃபோனில் கேட்டபோதே, வேலையிருக்கிறது என்று சொல்லி வைத்துவிட்டவள் நான். ஆகவே எழுதவில்லை. அடுத்த நாள், எழுதினனியோ என்று அப்பா கேட்டார். ஓம் என்றேன். போட்டனியோ என்றார். ஓம் என்றேன்.

பிறகு ஒவ்வொரு நாளும் ஒரே கேள்வி. மறுமொழி வந்துதோ? இன்னும் இல்லை அப்பா, வரும் என்று நான் சொல்வேன். ஒரு நாள் தம்பியிடமும் கேட்டிருக்கிறார். அவனுக்கு ஒன்றும் தெரியாது, தபால் பிந்தும் அப்பா என்றிருக்கிறான். கடைசி இரண்டு நாளும் கேட்கவில்லை. நான் உள்ளே போகும்போது என் கையைப் பார்ப்பார். முகத்தைப் பார்ப்பதில்லை, கையைத்தான். பிறகு கண்ணை மூடிக்கொள்வார்.

செத்தவீட்டுக்கு வந்த நீங்கள் எல்லோரும் தபால் பிந்திய கதையைக் கேட்டு ஊர்த் தபாலையும் கந்தோர்களையும் திட்டினீர்கள். நானும் உங்களோடு நின்று தலையாட்டினேன். ஹசன் மட்டும் பெட்டிக்குப் பக்கத்தில் சப்பாத்தைக் கழற்றிவிட்டு நின்றார்.

நன்றி சொல்லவேண்டியவர்கள் இருக்கிறார்கள். இரவு பகல் பாராது அப்பாவைத் துடைத்துப் பராமரித்த தாதியருக்கு, அவர்களுடைய மொழியில் நேரில் சொல்லிவிட்டேன். கிரியைகளை நடத்தித் தந்த குருக்களுக்கும், சமைத்தும் பரிமாறியும் கார் ஓட்டியும் உதவிய கர்க்லாண்ட், புரோசார்ட் உறவுகளுக்கும், தொலைவிலிருந்து ஃபோனில் ஆறுதல் சொன்னவர்களுக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி. இருபது வருடம் ஒரே மேசையில் நின்ற ஹசனுக்கும் நன்றி. இதை அவருக்கு வாசித்துக் காட்டுவேன். அப்பாவின் அஸ்தியைக் கீரிமலைக்குக் கொண்டுபோகும் தம்பியிடம் இந்தப் புத்தகத்தில் ஒன்றைக் கொடுத்து அனுப்புகிறேன். அதைத் தவமணி அக்காவின் கையில் கொடுப்பான்.

அக்கா, அப்பா உங்கள் காணியில் தெரியாமல் இருந்தார். அதற்கு உங்களிடம் மன்னிப்புக் கேட்கச் சொன்னார். உறுதி தபாலில் போகவே இல்லை. ஏழு மாதமும் அது என் அலுமாரியில் இருந்தது. நீங்கள் அந்த ஏழு மாதமும் முகாமில் இருந்தீர்கள். நீங்கள் மன்னித்து ஒரு வரி எழுதியிருப்பீர்கள் என்று எனக்குத் தெரியும். அப்பாவுக்குத்தான் அது தெரியாது. நீங்கள் மறுமொழி போடவில்லை என்று நினைத்துக்கொண்டே போய்விட்டார்.